வங்கியில் இருந்த குழந்தைக் கவிஞர்



ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டதும் வகுப்பில் பாதிப் பேர் விஸ்வேஸ்வரய்யா, அப்துல் கலாம் என்று கிளம்பிவிட்டார்கள். நான் எடுத்துக்கொண்டது குழந்தைக் கவிஞர் அழ. வள்ளியப்பா அவர்களை. டிப்ளமோ படிக்கிறவனுக்கு எல்.கே.ஜி. பாட்டு எதுக்குடா என்று கேண்டீனில் ஒரே கேலி. பரவாயில்லை, படித்துவிட்டுக் கேலி செய்யுங்கள்.

புதுக்கோட்டைச் சீமையில் ராயவரம் என்ற ஊரில் 1922 நவம்பர் 7 அன்று பிறந்தவர். பள்ளிப் படிப்போடு சரி, கல்லூரிக்குப் போகவில்லை. 1940இல், அதாவது ஏறக்குறைய நம்ம வயசில், சென்னைக்கு வந்து சக்தி வை. கோவிந்தன் நடத்திய சக்தி காரியாலயத்தில் காசாளராகச் சேர்ந்தார். பணத்தை எண்ண வந்த பையனை எழுதச் சொல்லித் தூண்டியவர் அங்கிருந்த எழுத்தாளர் தி.ஜ.ர. அப்படி எழுதிய முதல் கதையின் பெயர் 'ஆளுக்குப் பாதி'. இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த வருஷமே இந்தியன் வங்கியில் வேலை. 1982இல் ஓய்வு பெறும்வரை 41 வருஷம் அங்கேதான். பகலில் ரொக்கம், லெட்ஜர். மற்ற நேரத்தில் பாட்டு, கதை, பத்திரிகை. பாலர் மலர், டமாரம், சங்கு, பூஞ்சோலை என்று அவர் ஆசிரியராக இருந்த சிறுவர் இதழ்கள் பல. வேலைக்குப் போனால் வேறு எதற்கும் நேரம் இருக்காது என்று சொல்லும் சீனியர்கள் இந்தக் கணக்கைப் பார்க்கட்டும்.

அவருடைய பாட்டு சின்னப் பிள்ளை விஷயம் என்று நினைப்பவர்களுக்காக அந்த லட்டுப் பாட்டை எடுத்துக்கொள்கிறேன். ஒரு தட்டில் 8 லட்டு. அண்ணன் பாதியை விட்டுவிட்டு மீதியை எடுக்கிறான், தங்கை மிச்சத்தைத் தின்கிறாள். ஆளுக்கு நாலு, தட்டு காலி. ஏறக்குறைய எல்லா வரியும் 'ட்டு' ஓசையிலேயே ஓடுகிறது. வகுத்தல் என்ற வார்த்தையே கிடையாது, ஆனால் வகுத்தல் நடந்துவிடுகிறது! அண்ணன் நினைத்திருந்தால் அஞ்சு எடுத்திருக்கலாம். 'ஆளுக்குப் பாதி' எழுதியவர் அதற்கு விடுவாரா?

எங்க அப்பா சுரங்கத்தில் கான்ட்ராக்ட் வேலை பார்க்கிறவர், எழுதப் படிக்கத் தெரியாது. எங்க வீட்டில் படிக்க வந்த முதல் ஆள் நான்தான். ஒருநாள் தங்கச்சிக்கு இந்தப் பாட்டைச் சத்தமாக வாசித்தேன். கதவோரம் சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பா, நான் முடிப்பதற்குள் ஆளுக்கு நாலு என்று சொல்லிவிட்டார். எங்க வீட்டில் ஒரு புத்தகம் மூணு பேருக்கும் ஒரே நேரத்தில் புரிந்தது அன்றைக்குத்தான். எளிமையாக எழுதுவது லேசான வேலை என்று யாராவது சொன்னால் இனிமேல் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

'மலரும் உள்ளம்' அவருடைய புகழ்பெற்ற தொகுப்பு. ஈசாப் கதைகளையும் காந்தியின் கதையையும்கூடப் பாட்டாகவே எழுதினார். நேஷனல் புக் டிரஸ்டுக்காக அவர் எழுதிய 'நம் நதிகள்' வேறு இந்திய மொழிகளுக்கும் போனது.

தான் மட்டும் எழுதினால் போதும் என்று இருந்தவரும் இல்லை. 1950இல் குழந்தை எழுத்தாளர் சங்கத்தை உருவாக்கினார். குழந்தைகளுக்கு எழுதுகிறவர்கள் யார் யார் என்ற விவரங்களைத் திரட்டித் தனிப் புத்தகமே கொண்டுவந்தார். மற்றவர் பெயரைத் தேடித் தேடி அச்சில் ஏற்றிய மனுஷன்! ஓய்வுக்குப் பிறகு கோகுலம் இதழின் கௌரவ ஆசிரியராக இருந்தார்.

1989 மார்ச்சில் மதுரை காமராசர் பல்கலைக்கழகக் கூட்டம் ஒன்றில், குழந்தை இலக்கியத்தைப் பட்டப் படிப்பில் ஒரு பாடமாக வைக்க வேண்டும் என்று பேசினார். கல்லூரி வாசலை மிதிக்காதவர் பல்கலைக்கழகத்திடம் கேட்டது அது. பேசி உட்கார்ந்தவர் மயங்கிச் சரிந்தார். மார்ச் 16 அன்று காலமானார். வயது 66.

நெய்வேலி புத்தகக் கண்காட்சியில் வாங்கிய 'மலரும் உள்ளம்' என்னிடம் இருக்கிறது. கேலி செய்தவர்களுக்கும் தருவேன். ஆனால் தங்கச்சி கேட்பதற்குள் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும்.