அண்டக்கதிர்களை ஆராய்ந்த ஹோமி பாபா

வெதுருகுப்பத்தின் வயல்வெளியில் நின்று உள்ளங்கையை வானம் நோக்கி விரித்துப் பிடித்தால், நொடிக்கு ஒன்றிரண்டு என்னும் அளவில் நுண்துகள்கள் அதனை ஊடுருவிச் செல்லும். அவை கண்ணுக்குப் புலப்படா, கையில் உறுத்தா. தில்லியில் நின்றாலும் மும்பையில் நின்றாலும் இதுவே நிகழும். மியூவான் எனப்படும் இத்துகள்கள் வானில் மிக உயரத்தில் பிறப்பவை. பிறந்த சிறு கணத்திலேயே சிதைந்துவிடும் இயல்பு உடையவை. அவ்வாறாயின் அவை தரை வரை வந்து சேர்வது எங்ஙனம்? இவ்வினாவை ஆராய்ந்து வழிகாட்டியவர்களுள் ஒருவர் ஹோமி ஜஹாங்கீர் பாபா. இந்திய அணுசக்தித் துறையை உருவாக்கியவர் என்றே இன்று பலரும் அவரை அறிவர். அப்பொறுப்பை ஏற்பதற்கு முன்னரே அவர் அடிப்படைத் துகள் இயற்பியலில் உலகறிந்த அறிஞராக விளங்கினார் என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை.

பாபா 1909ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் பம்பாயில், செல்வமும் கல்வியும் நிறைந்த பார்சிக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை வழக்கறிஞர். வீட்டிலிருந்த நூல்களும் மேலைநாட்டு இசைத்தட்டுகளும் சிறுவனின் தோழர்களாயின. ஓவியம் தீட்டுவதில் அவருக்கு இருந்த ஈடுபாடு வாழ்நாள் முழுவதும் குறையவில்லை. அவருடைய அத்தையின் கணவர் புகழ்பெற்ற தொழிலதிபர் தோராப்ஜி டாட்டா. எனவே, பாபா கேம்பிரிட்ஜில் இயந்திரப் பொறியியல் கற்றுத் திரும்பி, ஜாம்ஷெட்பூர் எஃகு ஆலையில் பணியேற்க வேண்டும் என்று குடும்பத்தார் திட்டமிட்டனர். அவ்வண்ணமே 1927இல் அவர் இங்கிலாந்து சென்றார்.

ஆனால், கேம்பிரிட்ஜில் அவர் மனம் பொறியியலில் நிலைக்கவில்லை. அணுவின் உள்ளமைப்பைப் பற்றிய புதுக்கருத்துகள் அங்கே நாள்தோறும் பேசப்பட்ட காலம் அது. டிராக் என்னும் இளம் அறிஞர் எலக்ட்ரானைப் பற்றிய தம் கோட்பாட்டை வெளியிட்டதும் அப்போதுதான். இயற்பியலே தமக்கு உரிய துறை என்று பாபா 1928இல் தந்தைக்குக் கடிதம் எழுதினார். தந்தை சினம் கொள்ளவில்லை, இசைந்துவிடவும் இல்லை. பொறியியல் தேர்வில் முதல் வகுப்பில் தேறினால் மேலும் தங்கிக் கணிதம் பயிலப் பொருளுதவி செய்வதாக ஒரு நிபந்தனை விதித்தார். பாபா 1930இல் முதல் வகுப்பில் தேறினார். தந்தையும் சொன்ன சொல்லைக் காத்தார்.

அக்காலத்தில் அடிப்படைத் துகள்களை ஆராய விரும்புவோருக்கு இயற்கையே ஆய்வுக்கூடமாக இருந்தது. இன்று பல கிலோமீட்டர் சுற்றளவுள்ள துகள் முடுக்கிகள் செய்யும் பணியை அன்று விண்வெளி செய்தது. விண்வெளியிலிருந்து பெரும் ஆற்றலுடன் பாய்ந்து வரும் துகள்களே அண்டக்கதிர்கள். அவை மேல் வளிமண்டலத்துக் காற்றணுக்களில் மோதும்போது புதிய துகள்கள் தோன்றுகின்றன. எலக்ட்ரானின் நிறையும் அதற்கு நேர்மாறான மின்னூட்டமும் கொண்ட பாசிட்ரான் 1932இல் இவ்வாறுதான் கண்டறியப்பட்டது.

எலக்ட்ரானும் பாசிட்ரானும் மோதினால் என்ன நேரும் என்பதைப் பாபா கணக்கிட்டார். அவை ஒன்றையொன்று விலக்கிவிட்டுச் செல்வதுபோலத் தோன்றலாம். ஆனால் இரண்டும் அழிந்து மீண்டும் ஓர் எலக்ட்ரானாகவும் பாசிட்ரானாகவும் பிறப்பதும் உண்டு. இவ்விரு வழிகளையும் சேர்த்தே கணக்கிட வேண்டும் என்று அவர் நிறுவினார். இந்நிகழ்வு இன்று பாபா சிதறல் எனப்படுகிறது. பாசிட்ரானை மோதவிடும் முடுக்கிகளில் எத்தனை மோதல்கள் நிகழ்கின்றன என்று அளவிட இன்றும் அதுவே அளவுகோலாகப் பயன்படுகிறது.

அடுத்த பணி இதனினும் பெரிது. அண்டக்கதிர்த் துகள்கள் சில நேரங்களில் ஒரே கணத்தில் கூட்டமாக வந்து பொழிவதை அறிஞர்கள் கண்டிருந்தனர். 1937இல் ஹைட்லர் என்பவருடன் சேர்ந்து பாபா அதற்கு விளக்கம் தந்தார். விரைந்து செல்லும் எலக்ட்ரான் ஓர் அணுக்கருவின் அருகே செல்லும்போது காமாக் கதிரை வெளியிடுகிறது. அக்கதிர் ஓர் எலக்ட்ரானாகவும் பாசிட்ரானாகவும் மாறுகிறது. அவையும் கதிர்களை வெளியிட, அக்கதிர்களும் துகள்களாகின்றன. ஒன்று பலவாகக் கிளைக்கக் கிளைக்க ஒவ்வொன்றின் பங்கிலும் ஆற்றல் குறைந்து, இறுதியில் பொழிவு அடங்கிவிடுகிறது.

இங்கே ஒரு சிக்கல் எழுந்தது. இக்கணக்கின்படி எலக்ட்ரான் தடித்த ஈயப் பாளத்தைக் கடக்க இயலாது. அண்டக்கதிர்களுள் சிலவோ அதனை எளிதாகக் கடந்து சென்றன. கோட்பாடு தவறாக இருக்க வேண்டும். அன்றேல் கடந்து செல்பவை எலக்ட்ரான்களாக இருத்தல் கூடாது. இரண்டாவதே உண்மையாயிற்று. எலக்ட்ரானைவிட ஏறத்தாழ 200 மடங்கு நிறையுள்ள ஒரு புதிய துகள் அக்காலத்திலேயே கண்டறியப்பட்டது. அதுவே மியூவான்.

மியூவானின் சராசரி ஆயுள் ஒரு நொடியைப் பத்து இலட்சம் கூறுகளாக்கினால் அவற்றுள் இரண்டு கூறுகளுக்குச் சற்றே மிகுதி. அதற்குள் ஒளிகூட 660 மீட்டர்தான் செல்லும். மியூவானோ 10 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட உயரத்தில் பிறந்து தரையை அடைகிறது. ஐன்ஸ்டைனின் சார்பியல் கோட்பாட்டின்படி, மிக விரைந்து செல்லும் பொருளின் காலம் நமக்கு மெதுவாக நகர்வதாகத் தோன்றும். எனவே விரைந்து செல்லும் துகளின் ஆயுள் நீண்டு காணப்படும் என்றும், அதனை அளந்து சார்பியலையே சோதிக்கலாம் என்றும் பாபா 1938இல் எழுதினார். பிற்கால அளவீடுகள் அதனை உறுதி செய்தன.

பெயரிடுவதிலும் அவர் நுட்பம் காட்டினார். அப்புதுத் துகளைச் சிலர் மீசோட்ரான் என்றனர். நடுத்தரம் என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லில் அந்த ட்ர் ஒலிக்கு இடமில்லை. எலக்ட்ரான், நியூட்ரான் என்பவற்றில் அது வேர்ச்சொல்லின் பகுதி. ஆகவே மீசான் என்பதே பொருந்தும் என்று 1939இல் அவர் சுட்டினார். பெயர் நிலைத்தது. வேடிக்கை யாதெனில், மியூவான் உண்மையில் அவ்வினத்தைச் சேர்ந்ததன்று எனப் பின்னர்த் தெரியவந்தது. இன்று மீசான் என்னும் பெயர் வேறொரு துகள் குடும்பத்துக்கு உரியது.

அதே 1939இல் விடுமுறைக்காகப் பாபா தாயகம் வந்தார். இரண்டாம் உலகப் போர் மூண்டது. திரும்பும் வழி அடைபட்டது. சர் சி. வி. இராமன் பணியாற்றிய பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் அவர் சேர்ந்தார். கேம்பிரிட்ஜின் நண்பர்களும் கருவிகளும் அங்கே இல்லை. ஆனால் அண்டக்கதிர்கள் எல்லா நாட்டின் மீதும் பொழிபவை. மேலும் தென்னிந்தியா புவியின் காந்த நடுக்கோட்டை ஒட்டியிருப்பதால், ஆற்றல் குறைந்த துகள்களைப் புவியின் காந்தப்புலமே தடுத்துவிடும்; ஆற்றல் மிக்கவற்றைத் தனியே ஆராயலாம். விமானங்களில் கருவிகளை ஏற்றிப் பாபா குழுவினர் உயர்ந்த வானில் அளவீடுகள் செய்தனர். 1941இல் அவர் இலண்டன் ராயல் கழகத்தின் உறுப்பினரானார். அப்போது அவருக்கு வயது 31.

போர் முடிந்ததும் திரும்பிச் செல்லலாம் என்றே முதலில் அவர் எண்ணியிருந்தார். அவ்வெண்ணம் மெல்ல மாறியது. 1944 மார்ச்சில் டாட்டா அறக்கட்டளைக்கு ஒரு வேண்டுகோள் அனுப்பினார். அதன் பயனாக 1945இல் டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் பெங்களூரில் தோன்றி, அவ்வாண்டின் இறுதியில் பம்பாய்க்குச் சென்றது. 1948இல் அணுசக்தி ஆணையத்தின் தலைமையும் அவரிடம் வந்தது. அதன்பின் சொந்த ஆய்வுக்கு அவருக்கு நேரம் கிடைக்கவில்லை. அது சிறிய இழப்பன்று.

எனினும் அண்டக்கதிர்களை அவர் மறக்கவில்லை. வானில் உயரச் சென்று அளந்தாயிற்று. மண்ணுக்குள் ஆழச் சென்றும் அளக்க வேண்டும். அதற்கு வாய்த்த இடம் சித்தூர் மாவட்டத்தின் மேற்கு எல்லையை அடுத்துள்ள கோலார் தங்கவயல். சித்தூர், வட ஆர்க்காடு, சேலம் பகுதிகளிலிருந்து குடும்பம் குடும்பமாகப் பெயர்ந்து சென்ற தமிழ்த் தொழிலாளர்கள் தலைமுறை தலைமுறையாக வெட்டிய சுரங்கங்கள் அங்கே 3 கிலோமீட்டர் ஆழம் வரை இறங்கியிருந்தன. பொன்னுக்காக வெட்டிய இருள்வழிகளில் 1950களின் தொடக்கத்தில் பாபாவின் தூண்டுதலால் ஸ்ரீகண்டன் என்னும் இளம் ஆய்வாளர் அளவீடுகளைத் தொடங்கினார். ஆழம் மிக மிக மியூவான்கள் குறைந்தன. 1960களின் தொடக்கத்தில் அடிமட்டத்தில் வைத்த கருவிகள் ஏறத்தாழ இரண்டு மாதம் ஒரு துகளையும் பதிவு செய்யவில்லை.

இந்த வெறுமையே பெரும்பேறாயிற்று. பாறையும் மறைக்க முடியாத துகள் ஒன்றுண்டு; அது நியூட்ரினோ. புவி முழுவதையும் துளைத்துச் செல்லும் அது, மிக அரிதாகப் பாறையணுவில் மோதி மியூவானைத் தோற்றுவிக்கும். பிற துகள்களின் இரைச்சல் அடங்கிய இடத்தில்தான் அதன் சுவடு தெரியும். இந்தியா, ஜப்பான், இங்கிலாந்து ஆகிய மூன்று நாட்டு அறிஞர்கள் 2.3 கிலோமீட்டர் ஆழத்தில் கருவிகளை நிறுவிக் காத்திருந்தனர். பக்கவாட்டுப் பாறையிலிருந்து குறுக்காகப் பாய்ந்த மியூவான்கள் 1965இல் பதிவாயின. தலைக்கு மேலுள்ள வானிலிருந்து வரும் மியூவான் அத்தனை பாறையைக் குறுக்காகக் கடந்து வர இயலாது. வளிமண்டலத்தில் பிறந்த நியூட்ரினோக்கள் கண்டறியப்பட்ட செய்தியைக் கோலார்க் குழுவினரே முதலில் வெளியிட்டனர். தென்னாப்பிரிக்கச் சுரங்கம் ஒன்றில் முயன்ற குழு சில நாள்களே பின்தங்கியது.

அச்செய்தி வெளியான சில மாதங்களில், 1966 ஜனவரி 24ஆம் நாள், வியன்னாவில் நடைபெறவிருந்த கூட்டத்துக்குப் பாபா சென்ற ஏர் இந்தியா விமானம் ஆல்ப்ஸ் மலைத்தொடரின் மோன் பிளாங்கில் மோதி நொறுங்கியது. அதிலிருந்த 117 பேரும் மாண்டனர். பாபாவுக்கு அப்போது 56 வயது. தங்கவயலின் ஆய்வுகள் நிற்கவில்லை. புரோட்டான் என்றேனும் சிதையுமா என்னும் வினாவுக்கு விடை தேடி 1980களில் அங்கே புதிய கருவிகள் இறக்கப்பட்டன. பொன் குறைந்து செலவு மிகுந்தமையால் 2001இல் சுரங்கம் மூடப்பட்டது. ஆய்வாளர்கள் அதற்குச் சில ஆண்டுகள் முன்னரே மேலேறி வந்திருந்தனர்.