போரின் கணக்கும் புகாரின் உரையும்

கொங்கு நாடு ஈன்ற பொருளியல் அறிஞர்களுள் தலையாயவர் ஆர். கே. சண்முகம் செட்டியார். 1892 அக்டோபர் 17ஆம் நாள் கோயம்புத்தூரில் வணிகக் குடும்பத்தில் பிறந்தார். சென்னை கிறித்தவக் கல்லூரியிலும் சட்டக் கல்லூரியிலும் பயின்றார். 1917இல் கோவை நகராட்சித் துணைத்தலைவராகத் தொடங்கிய பொதுவாழ்வு, மத்திய சட்டமன்றத் தலைவர் பதவிக்கும் கொச்சி சமஸ்தானத் திவான் பதவிக்கும் அவரை உயர்த்தியது. ஆயினும் அவருக்கு வாய்த்த பெருஞ்சோதனை, இரண்டாம் உலகப் போர் விட்டுச்சென்ற கணக்கே.

அப்போரில் பிரிட்டன் இந்தியாவிலிருந்து துணியும் தளவாடமும் பிற பண்டங்களும் பெற்றது. விலை உடனே கைக்கு வரவில்லை. இலண்டனில் இந்தியாவின் பெயரில் பவுண்டு வரவாகப் பதியப்பட்டது. அவ்வரவை ஈடாகக் கொண்டு ரிசர்வ் வங்கி இங்கே ரூபாய் நோட்டுகளை வெளியிட்டது. போர் முடிவதற்குள் புழக்கத்திலிருந்த நோட்டு ஆறு மடங்கிற்கு மேல் பெருகிற்று. பண்டம் அவ்வாறு பெருகவில்லை. விலைகள் ஏறின. 1943இல் வங்காளம் பஞ்சத்தில் மடிந்தது. கொங்கு நாட்டில் ஆலைகள் ஓயாது ஓட, கைத்தறி நெசவாளரோ நூலுக்கு அலைந்தனர். இலண்டன் ஏட்டில் ஏறிய பவுண்டு, இங்குள்ள ஏழைகள் உண்ணாத சோறு; உடுக்காத துணி.

1944இல் அமெரிக்காவின் பிரெட்டன் வுட்ஸில் கூடிய உலக நிதி மாநாட்டில் இந்தியக் குழுவினருள் செட்டியாரும் ஒருவர். அந்தப் பாக்கியில் ஒரு பகுதியையேனும் பிற நாணயமாக மாற்றிக்கொள்ள வழி வேண்டுமென அக்குழு வாதாடியது. மாநாடு இசையவில்லை.

விடுதலை பெற்றபோது, காங்கிரசைச் சேராத அவரை நேரு தம் அமைச்சரவையில் நிதியமைச்சராக்கினார். 1947 நவம்பர் 26இல் அவர் அளித்த முதல் வரவு-செலவுத் திட்டம் ஏழரை மாதங்களுக்கானது. செலவு ஏறத்தாழ 197 கோடி ரூபாய், அதில் 92.74 கோடி பாதுகாப்புக்கே போயிற்று. பிரிவினை அகதிகள் ஒருபுறம், காஷ்மீரப் போர் மறுபுறம். அடுத்த மாதமே சோவியத் நாடு, பழைய பத்து ரூபிளுக்குப் புதிய ஒரு ரூபிள் என்று ஆணையிட்டு, மக்கள் கையிலிருந்த போர்க்காலப் பணத்தை ஒரே வீச்சில் கரைத்தது. இந்தியாவில் அத்தகைய ஆணை இல்லை. ஆனால் விலையேற்றம் ஓசையின்றி அதே வேலையைச் செய்தது. போரின் செலவு இரு நாட்டிலும் எளியவர் முடிச்சிலிருந்தே பறிக்கப்பட்டது.

1948இல் செட்டியார் இலண்டன் சென்று பாக்கிக்கு உடன்பாடு கண்டார். பிரிட்டன் விட்டுச்சென்ற போர்த்தளவாடங்களுக்கென 10 கோடி பவுண்டும், ஆங்கில அதிகாரிகளின் ஓய்வூதியத்திற்கெனப் பெருந்தொகையும் இந்தியாவின் வரவிலிருந்தே கழிந்தன. எஞ்சியது தவணை தவணையாகவே விடுவிக்கப்பட்டது.

போர்க்கால வரி ஏய்ப்பை ஆராய அமைந்த விசாரணைக் குழுவிற்குரிய பட்டியலிலிருந்து சிலர் பெயர் நீக்கப்பட்டதாக எழுந்த சர்ச்சையில், அவ்வாண்டு ஆகஸ்டில் அவர் பதவி துறந்தார். போர்ப்பணத்தின் கணக்கே அவரது அமைச்சர் வாழ்வையும் முடித்தது.

தமிழிசை இயக்கத்தில் முன்னின்று உழைத்த அவர், போருக்கும் பதவிக்கும் இடையில், 1946இல், சிலப்பதிகாரப் புகார்க் காண்டத்திற்குத் தம் உரையை வெளியிட்டார். கடல் வணிகத்தால் செழித்த நகரின் காப்பியம் அது. பொற்கொல்லன் சொன்ன ஒரு பொய் அரசையே வீழ்த்திய கதையும் அதுவே. 1953 மே மாதம் அவர் மறைந்தார். நாடு அவரை முதல் நிதியமைச்சராக நினைக்கிறது. கொங்கு நாட்டுத் தமிழர்க்கு அவர், பேரேட்டையும் காப்பியத்தையும் ஒரே மேசையில் விரித்துவைத்துப் படித்த மனிதர்.