பணிப்பெண் வேஷம்

1940-ம் வருஷம் பிப்ரவரி 29-ந் தேதி இரவு, லாஸ் ஏஞ்சலிஸ் நகரத்து அம்பாஸடர் ஹோட்டலில் ஆஸ்கார் பரிசளிப்பு விருந்து நடந்தது. கறுப்பர்கள் அந்த ஹோட்டலில் விருந்தினராக நுழைவதற்கில்லை. படமுதலாளி டேவிட் செல்ஸ்னிக் விசேஷமாகக் கேட்டுக்கொண்டதன் பேரிலேயே ஒரு கறுப்பு ஸ்திரீக்கு அநுமதி கிடைத்தது. அப்பொழுதும் அவரைச் சக நடிகர்களுடன் உட்காரவைக்கவில்லை. சுவரோரத்தில் தனி மேஜை போட்டிருந்தார்கள். துணைப் பாத்திரத்தில் சிறந்த நடிகைக்குரிய பரிசைப் பெற அந்த மேஜையிலிருந்து எழுந்து சென்றவரே ஹாட்டி மெக்டானியல். ஆஸ்கார் பெற்ற முதல் கறுப்பர் அவர். பரிசு கொடுக்க மனம் வந்தது. பந்தியில் இடம் கொடுக்க மனம் வரவில்லை!

அம்மையார் 1893-ல் கான்ஸாஸ் மாகாணத்து விசிட்டா நகரில் பிறந்தார். தாய் தந்தையர் இருவரும் அடிமைகளாகப் பிறந்தவர்கள். தந்தை உள்நாட்டு யுத்தத்தில் வடக்கர் சேனையில் சேர்ந்து போரிட்டவர். டென்வர் நகரில் வளர்ந்த ஹாட்டி, சகோதரரின் நாடகக் கோஷ்டியில் ஆடிப் பாடித் தொழில் கற்றார். 1929-ல் வந்த பொருளாதார வீழ்ச்சி அந்தப் பிழைப்பைக் கெடுத்தது. மில்வாக்கியில் ஓர் இரவு விடுதியின் கழிவறையில் பணிவிடை செய்தார்; பின்னர் அங்கேயே மேடையேறிப் பாடினார். 1931-ல் லாஸ் ஏஞ்சலிஸ் வந்த பிறகும், ரேடியோவில் பாடிக்கொண்டே பிறர் வீடுகளில் வேலைக்காரியாக உழைக்க நேர்ந்தது.

சினிமாவும் அவருக்கு வேறு வேலை கொடுக்கவில்லை. 'ஆலிஸ் ஆடம்ஸ்' (1935) முதலிய படங்களில் பணிப்பெண் வேஷமே வாய்த்தது. 'கான் வித் த விண்ட்' (1939) படத்தில் அவர் ஏற்ற மாமி என்ற பாத்திரமும் ஓர் அடிமைத் தாதியே. ஆனால் அந்தத் தாதி எஜமானியை அதட்டித் திருத்துகிறாள். குழந்தையைப் பறிகொடுத்த வீட்டின் துயரத்தை மாடிப்படியேறிக்கொண்டே அழுது சொல்லும் காட்சியில் கதாநாயகியையும் நாம் மறந்துவிடுகிறோம். அந்தப் படத்தின் முதல் காட்சி அட்லாண்டாவில் நடந்தபோது, ஜார்ஜியா மாகாணத்து நிறபேதச் சட்டம் அவரை அங்கே வரவிடவில்லை.

வெள்ளையர் அவமதித்தனர், சொந்த மக்களில் பலரும் அவரைக் கண்டித்தனர். கறுப்பர் முன்னேற்றத்துக்கான தேசீயச் சங்கத்தின் காரியதரிசி வால்டர் வைட், இத்தகைய வேஷங்கள் இனத்தின் மானத்தைக் குலைப்பதாகக் குறைகூறினார். அக்குறை நியாயமானதே. அடிமைத்தனத்தை இன்பமாகக் காட்டும் கதைகள் அடிமைத்தனத்துக்கு அரண் செய்கின்றன. ஆயினும் குற்றம் யாரைச் சாரும்? வேஷங்களைப் பங்கிட்டுத் தருபவர்களையா, வேறு வழியின்றி ஏற்பவரையா? முன்னவரையே சாரும் என்பது நம் துணிபு.

சினிமாவில் அவருக்குக் கிடைக்காத தலைமைப் பாத்திரம் நியாயஸ்தலத்தில் கிடைத்தது. லாஸ் ஏஞ்சலிஸில் மேற்கு ஆடம்ஸ் பகுதியில் அவர் ஒரு வீடு வாங்கிக் குடியேறினார். அங்கே கறுப்பர் குடியிருக்கலாகாது என்று பழைய பத்திரங்களில் ஒரு ஷரத்து இருந்தது. அதைக் காட்டி வெள்ளை அண்டை வீட்டார் வழக்குத் தொடுத்தனர். அம்மையாரும் மற்றக் கறுப்பு வீட்டுக்காரர்களும் ஒன்றுகூடி, லோரன் மில்லர் என்ற கறுப்பு வக்கீலை வைத்து எதிர்வாதம் செய்தனர். 1945 டிசம்பரில் நீதிபதி தர்மண்ட் கிளார்க், அரசியல் சட்டத்தின் 14-வது திருத்தம் வழங்கும் சம பாதுகாப்பை எடுத்துக் காட்டி வழக்கைத் தள்ளினார். இத்தகைய ஷரத்துகளை எந்த நியாயஸ்தலமும் அமல் நடத்தக் கூடாதென்று 1948-ல் அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டும் தீர்ப்பளித்தது. அங்கே வாதாடிய வக்கீல்களிலும் மில்லர் ஒருவர்.

1947 முதல் ரேடியோவில் 'பியூலா' என்ற தொடரின் தலைமைப் பாத்திரம் அவருக்கு வந்தது, அதுவும் பணிப்பெண்தான். முன்பு அந்தக் குரலைக் கொடுத்தவர்கள் வெள்ளை ஆண்கள்! 1951-ல் டெலிவிஷனிலும் அதே வேஷமேற்றுச் சில பகுதிகளில் நடித்ததும் புற்றுநோய் அவரைப் படுக்கையில் தள்ளியது. 1952 அக்டோபர் 26-ந் தேதி காலமானார். ஹாலிவுட் மயானத்தில் அடக்கமாக விரும்பினார். நிறத்தைக் கருதி இடம் மறுத்தார்கள். 1999-ல்தான் அங்கே நினைவுக்கல் எழும்பிற்று.

ஹோவர்ட் சர்வகலாசாலைக்கு அவர் எழுதிவைத்த ஆஸ்கார் பலகை காணாமற்போய், 2023-ல் மாற்றுப் பலகை வந்தது. பலகை தொலையலாம், மாற்றும் கிடைக்கலாம். நியாயஸ்தலத்தில் நின்று பெற்ற குடியிருப்புரிமை அவருக்குப் பின் வந்தவர்களுக்கும் உரியதாயிற்று. அம்மையாரின் பெரிய பரிசு அதுவே என்போம்.