புதிய வீடு: புனித சவேரியாரின் பெயரும் வாழ்வும்



சவரிமுத்து, சவேரியான், சவரியம்மா, சேவியர். உங்கள் பாட்டன் பூட்டி முதல் பேரப்பிள்ளை வரை யாரோ ஒருவருக்கு இந்தப் பெயர்களில் ஒன்று இருக்கும். உங்கள் பிள்ளையின் வகுப்பில் ஹவியர் என்ற ஸ்பானியப் பையன் இருந்தால், அவனுக்கும் உங்கள் பாட்டனுக்கும் ஒரே பெயர்தான் என்று பிள்ளைக்குச் சொல்லிக் கொடுங்கள். ஸ்பெயினிலும் தென் அமெரிக்காவிலும் ஆண் பிள்ளைகளுக்கு விருப்பத்தோடு வைக்கப்படும் அந்தப் பெயரும், நம் கரையோரக் கிராமங்களின் சவேரியாரும் ஒரே மனிதரிடமிருந்து வந்தவை. நம் ஆண்டு விழா மலரில் அந்தப் பெயரின் பொருளையும், அதைச் சுமந்த மனிதரின் வாழ்வையும் உங்களோடு பகிர விரும்புகிறேன்.

பெயரின் வேர் ஸ்பானிய மொழியில் இல்லை. அது பாஸ்க் மொழிச் சொல். ஸ்பெயினின் வடக்கிலும் பிரான்சின் தென்மேற்கு மூலையிலும் பேசப்படும் மிகப் பழைய மொழி பாஸ்க். அதில் 'எச்சே' என்றால் வீடு, 'பெரி' என்றால் புதிய. இரண்டும் சேர்ந்த 'எச்சேபெரி', அதாவது புதிய வீடு, காலப்போக்கில் தேய்ந்து ஷவியேர் ஆனது. முதலில் அது நவார் நாட்டில் ஓர் ஊருக்கும் கோட்டைக்கும் பெயர். பின்பு கோட்டைக்கு உரிமையான குடும்பத்தின் பெயர். அக்காலத்தில் முதல் எழுத்தை 'ஷ' என்றே ஒலித்தார்கள். போர்த்துக்கீசர் அந்த ஒலியோடு நம் கரைக்குக் கொண்டு வந்தார்கள். தமிழ் நாவில் அது சவேரியார் ஆனது. ஸ்பானிய மொழியில் பிற்காலத்தில் அந்த ஒலி தொண்டைக்குள் இறங்கி 'ஹ' போலாகிவிட்டது. ஆகவே முதல் எழுத்தைப் பொறுத்தவரை, பழைய உச்சரிப்புக்கு இன்றைய ஹவியரைவிட நம் சவேரியாரே கிட்ட நிற்கிறார்.

பிரான்சிஸ் அந்தக் கோட்டையில் 1506ஆம் ஆண்டு ஏப்ரல் 7ஆம் நாள் பிறந்தார். அப்போது நவார் ஒரு தனி அரசு. தந்தை ஹுவான் தெ ஹாஸ்ஸோ சட்டம் கற்றவர், அரசரின் ஆலோசனைச் சபைக்குத் தலைவர். கோட்டை தாய் மரியா தெ அஸ்பில்குவெத்தாவின் வழிச் சொத்து. பிள்ளைகளில் பிரான்சிஸ் கடைக்குட்டி. அவருக்கு ஆறு வயதானபோது, 1512இல், ஸ்பெயின் அரசர் பெர்டினான்டின் படை நவாரைப் பிடித்தது. 1515இல் தந்தை இறந்தார். அடுத்த ஆண்டு நவாரை மீட்க எழுந்த கிளர்ச்சியில் அவருடைய அண்ணன்மார் சேர்ந்தார்கள், அது தோற்றது. தண்டனையாக, கர்தினால் சிஸ்னேரோஸின் கட்டளைப்படி, கோட்டையின் மதில்களையும் கோபுரங்களையும் இடித்து அகழியைத் தூர்த்தார்கள். குடியிருந்த பகுதி மட்டும் மிஞ்சியது. புதிய வீடு என்ற பெயருடைய வீடு, பத்து வயதுப் பிள்ளை ஒருவனைச் சுற்றி இடிந்து விழுந்தது. நம்மில் பலருக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

1521இல் பம்ப்லோனா நகரில் மீண்டும் சண்டை. சவேரியாரின் அண்ணன்மார் நவாரை மீட்க வந்த பக்கம் நின்றார்கள். எதிர்ப்பக்கத்தில் நகரைக் காத்து நின்று, பீரங்கிக் குண்டுபட்டுக் கால் உடைந்தவர் இஞ்ஞாசியார். 1525இல் படிப்பதற்காகப் பாரிஸ் சென்ற சவேரியாருடன் சில ஆண்டுகளின் பின் அதே இஞ்ஞாசியார் ஒரே அறையில் தங்க நேர்ந்தது. பட்டம், பதவி, குடும்பத்தின் இழந்த மரியாதை ஆகியவற்றையே நினைத்துக்கொண்டிருந்த இளைஞர், பகைப்படையில் நின்ற அந்த மனிதரின் நண்பரானார். 1534 ஆகஸ்ட் 15ஆம் நாள் பாரிசின் மொன்மார்த்தர் குன்றில் ஏழு நண்பர்கள் கூடி இறைவனுக்கு வாக்குக் கொடுத்தார்கள். இயேசு சபைக்கு அதுவே வித்து.

அதற்குப் பின் சவேரியார் தங்கிய இடங்களைப் பாருங்கள். நான் தாதியாகப் பணி செய்வதால் இது என் கண்ணில் உடனே பட்டது. 1537இல் வெனிஸ் நகரில் அவர் பணி செய்தது தீராத நோயாளருக்கென இருந்த வைத்தியசாலையில். பலருக்கும் மேகநோய்ப் புண்கள். புண் கழுவுவதும், படுக்கை மாற்றுவதும், இறந்தவரை அடக்கம் செய்வதும் அவருடைய வேலை. அருவருப்பை வெல்ல அவர் தம்மோடு எவ்வளவு போராடினார் என்பதை அவருடைய தோழர் ஒருவர் பிற்காலத்தில் எழுதி வைத்தார். கையுறையும் கிருமிநாசினியும் இல்லாத காலம் அது. அந்த ஆண்டு ஜூன் 24ஆம் நாள் அவர் குருவாக அருட்பொழிவு பெற்றார்.

1540இல் இந்தியாவுக்குப் போக வேறொருவர் நியமிக்கப்பட்டிருந்தார். அவர் நோயுற்றதால், ஓரிரு நாள் அவகாசத்தில் சவேரியார் புறப்பட்டார். போகும் வழியில் தாயைப் பார்க்காமல் கடந்து சென்றார் என்று ஒரு கதையை நாம் பிரசங்கங்களில் கேட்டிருக்கிறோம். ஆனால் தாய் 1529ஆம் ஆண்டே இறந்துவிட்டார். போய்ப் பார்க்க அந்த வீட்டில் தாய் இல்லை என்பதே உண்மை.

1541 ஏப்ரல் 7ஆம் நாள், தம் 35ஆவது பிறந்தநாளில், லிஸ்பனிலிருந்து கப்பலேறினார். காற்று மாறும்வரை மொசாம்பிக்கில் மாதக்கணக்காகத் தங்க வேண்டியிருந்தது. அங்கும் அவர் இருந்தது வைத்தியசாலையில், நோயுற்ற கப்பற்காரர் நடுவில். 1542 மே 6ஆம் நாள் கோவா வந்தபோதும் தங்கியது வைத்தியசாலையிலேயே. ஞாயிற்றுக்கிழமைகளில் நகருக்கு வெளியே இருந்த தொழுநோயாளரிடம் போய்த் திருப்பலி ஒப்புக்கொடுத்தார்.

அந்த ஆண்டின் பிற்பகுதியில் அவர் முத்துக்குளித்துறைக்கு வந்தார். சில ஆண்டுகளுக்கு முன்பே அங்குள்ள பரதவ மக்கள் பெருந்தொகையாகத் திருமுழுக்குப் பெற்றிருந்தார்கள். ஆனால் அவர்களுக்குப் படிப்பிக்க யாரும் இல்லை. வந்தவருக்கோ தமிழ் தெரியாது. கோவாவில் கல்வி கற்ற தமிழ் இளைஞர்களையும் ஊரில் விபரம் தெரிந்தவர்களையும் வைத்து விசுவாசப் பிரமாணம், பரலோக மந்திரம், அருள்நிறை மந்திரம், பத்துக் கட்டளைகள் ஆகியவற்றைத் தமிழாக்கி மனப்பாடம் செய்தார். பிறகு கைமணியை அடித்துக்கொண்டு தெருத்தெருவாகப் பிள்ளைகளைக் கூட்டினார்.

அந்த மொழிபெயர்ப்பில் ஒரு சொல்லைப் பற்றி அவர் எழுதியிருப்பது தமிழராகிய நாம் அறிய வேண்டிய செய்தி. விசுவாசப் பிரமாணத்தில், நம்புகிறேன் என்று வரவேண்டிய இடத்தில் முதலில் 'வேணும்' என்ற சொல்லைப் போட்டிருந்தார்கள். எனக்கு ஆண்டவர் வேணும் என்று பொருள்பட மக்களும் சொல்லி வந்தார்கள். 1544இல் சவேரியார் தம் உதவியாளர் மன்சிலாசுக்குக் கடிதம் எழுதி, அதை விசுவாசம் என்ற பொருள் தரும் சொல்லாக மாற்றச் சொன்னார். அந்நிய மொழியில் ஒரு சொல் பிசகினால் என்ன ஆகும் என்பதை வேற்றுமொழி வைத்தியசாலையில் வேலை செய்யும் எவரும் அறிவர். அவர் அதைத் தேடிக் கண்டுபிடித்துத் திருத்தினார்.

நோயாளர் வீடுகளிலிருந்து வந்த அழைப்புகள் அதிகமாகி, எல்லா இடத்துக்கும் அவரால் போக முடியவில்லை. அப்போது செபங்களைக் கற்ற பிள்ளைகளையே அனுப்பினார். பிள்ளைகள் நோயாளரின் பாயருகே இருந்து, வீட்டாரையும் அயலாரையும் கூட்டி, தமிழில் செபம் சொன்னார்கள். 1544இல் வடுகர் படை கரையைச் சூறையாடியபோது மக்கள் கன்னியாகுமரிப் பக்கத்துக் கடற்பாறைகளுக்கு ஓடிப் பசியும் தாகமுமாகக் கிடந்தார்கள். அவர்களுக்கு உணவு ஏற்றிக்கொண்டு மணப்பாட்டிலிருந்து தோணிகளில் புறப்பட்டார். எதிர்க்காற்று அவரைப் போகவிடவில்லை. அதே ஆண்டு மன்னார் மக்கள் அழைத்தபோது தமக்குப் பதிலாக ஒரு குருவை அனுப்பினார். அங்கு திருமுழுக்குப் பெற்றவர்களில் சுமார் 600 பேர் யாழ்ப்பாண அரசன் சங்கிலியின் ஆணையால் கொல்லப்பட்டதை நாம் இன்றும் நினைவுகூருகிறோம்.

அவருடைய வாழ்வில் நமக்குக் கசப்பானதும் உண்டு. நம் முன்னோர் வணங்கிய உருவங்களைப் பிள்ளைகள் உடைத்தபோது அவர் மகிழ்ந்தார். 1546இல் போர்த்துக்கல் அரசருக்கு எழுதி, கோவாவுக்கு மத விசாரணை மன்றம் வேண்டும் என்று கேட்டார். அவர் இறந்த பின், 1560இல், அது அமைந்து பலருக்குப் பெருந்துன்பம் தந்தது. போர்த்துக்கீச அதிகாரிகள் ஏழை மீனவரைச் சுரண்டியதை அவரே பலமுறை கண்டித்தும் இருக்கிறார். இரண்டும் ஒரே மனிதர்தான். நம் பிள்ளைகள் பாடசாலையில் இவற்றைப் படித்துவிட்டு வந்து கேட்பார்கள். நாம் முந்திக்கொண்டு சொல்வது நல்லது.

1545இல் மயிலாப்பூரில் சில மாதங்கள். பின் மலாக்கா, மொலுக்கா தீவுகள். 1549 ஆகஸ்ட் 15ஆம் நாள் ஜப்பானின் ககோஷிமாவில் இறங்கினார். மீண்டும் புதிய மொழி. மக்கள் நடுவில் பேச்சற்ற சிலைகளைப் போல நிற்கிறோம் என்ற பொருளில் எழுதிய அவர், பிள்ளையைப் போல முதலிலிருந்து கற்கத் தொடங்கினார். சீனாவுக்குப் போக வேண்டும் என்ற எண்ணமும் அங்கேதான் உறுதியானது.

1552இல் சீனக் கரைக்கு எதிரே உள்ள சாங்சுவான் தீவில் இறங்கி, தம்மை இரகசியமாகக் கரை சேர்ப்பதாகச் சொன்ன வணிகரின் படகுக்காகக் காத்திருந்தார். படகு வரவில்லை. நவம்பரில் காய்ச்சல் கண்டது. அக்கால வழக்கப்படி இரத்தம் வடித்தார்கள், மயங்கினார், உணவு ஏற்கவில்லை. வைக்கோல் வேய்ந்த ஒரு குடிசையில் படுத்திருந்தார். கூட இருந்தவர்கள் கோவாவில் கல்வி கற்ற அந்தோனியோ என்ற சீனரும் இந்தியப் பணியாள் ஒருவரும். காய்ச்சல் ஏற ஏற அவர் அந்தோனியோவுக்கு விளங்காத ஒரு மொழியில் பேசினார். அது அவருடைய தாய்மொழியான பாஸ்க் என்று அவர் வரலாற்றை எழுதிய பலர் கருதுகிறார்கள். டிசம்பர் 3ஆம் நாள் விடியுமுன் இறந்தார். வயது 46. அடக்கத்துக்கு நின்றவர்கள் ஒரு கை விரலில் எண்ணக்கூடியவர்கள். பின்பு உடல் மலாக்காவுக்கும், 1554இல் கோவாவுக்கும் கொண்டு செல்லப்பட்டது. இன்று அது கோவாவின் போம் ஜேசு பேராலயத்தில் இருக்கிறது.

1622 மார்ச் 12ஆம் நாள் இஞ்ஞாசியார், அவிலா தெரேசா ஆகியோருடன் அவரும் புனிதராக அறிவிக்கப்பட்டார். ஒரு கோட்டையின் பெயர் ஆண் பிள்ளைகளின் ஞானஸ்நானப் பெயராகப் பரவியது அவருக்குப் பின்தான். ஸ்பெயினில் ஹவியர், பாஸ்க் நாட்டில் ஷபியேர், இத்தாலியில் சவேரியோ, ஜெர்மனியில் சாவர், போலந்தில் க்சவேரி, நமக்குச் சவேரியார். இடிபட்ட கோட்டையும் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் திருத்திக் கட்டப்பட்டது. ஆண்டுதோறும் மார்ச் மாதத்தில் நவார் மக்கள் அங்கு நடைப் பயணம் போகிறார்கள்.

உறவுகளே, இந்த வரலாற்றில் என் மனதை விட்டு அகலாதது அந்தக் குடிசைதான். நான் வெளிநாட்டில் தாதியர் கல்வி கற்றேன். முதியோரைப் பராமரிப்பது என் அன்றாட வேலை. மறதி நோய் முற்றும்போது, பின்னாளில் கற்ற மொழி பலருக்கு முதலில் நழுவிப் போகிறது. முப்பது ஆண்டுகள் இந்நாட்டு மொழியில் வேலை செய்து களைத்த நம் பெரியவர்கள், கடைசியில் தமிழ் மட்டும் பேசுகிறார்கள். பராமரிப்பவருக்கு அது விளங்காது. நோகுது என்பதும் குளிருது என்பதும் வெறும் சத்தமாகக் கேட்கும். வலிக்கு மருந்து கிடைக்கத் தாமதமாகும். அந்தோனியோ அன்று கேட்டதும் அப்படியான சத்தத்தைத்தான்.

ஆகவே உங்களிடம் இரண்டு காரியங்கள் கேட்கிறேன். முதலாவது, வைத்தியசாலையிலோ முதியோர் இல்லத்திலோ உங்கள் உறவினர் இருந்தால், ஒரு தாளில் பத்துத் தமிழ்ச் சொற்களை இந்நாட்டு எழுத்தில் எழுதி, எதிரே அவற்றின் பொருளையும் எழுதிக் கட்டிலருகே ஒட்டுங்கள். தண்ணி, நோகுது, குளிருது, பசிக்குது, பயமா இருக்கு, அம்மா. தமிழ் தெரியாத சவேரியாரும் சொற்களை ஒவ்வொன்றாகக் கேட்டு மனதில் ஏற்றித்தான் தொடங்கினார். தாதிமார் அந்தத் தாளை நன்றியோடு பாவிப்பார்கள். இரண்டாவது, பிள்ளைகள் தூரத்தில் இருக்க, தனியாகக் கிடக்கும் தமிழ் முதியவர் ஒருவரிடம் மாதத்தில் ஒரு மணித்தியாலம் போய் இருங்கள். உங்கள் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். அவர்களுக்குத் தெரிந்த ஒரு செபத்தைத் தமிழில் சொல்லட்டும். முத்துக்குளித்துறைப் பிள்ளைகள் செய்ததும் அவ்வளவுதான்.

சவரி என்ற பெயர் உள்ளவர்கள் வருகிற டிசம்பர் 3ஆம் நாள் திருவிழாவன்று இதைத் தொடங்கலாம். எங்கே, யாரைப் போய்ப் பார்ப்பது என்று தெரியாவிட்டால், திருப்பலி முடிந்து தேநீர் வேளையில் என்னிடம் கேளுங்கள். வழி சொல்கிறேன்.