மெர்டேக்காவுக்கு முதல் நாள் மறைந்த கலைவாணர்

1957-ஆம் ஆண்டு ஆகஸ்டு 30, வெள்ளிக்கிழமை. அன்று நள்ளிரவில் கோலாலம்பூர் திடலில் பிரிட்டிஷ் கொடி இறங்கி மலாயாவின் கொடி ஏற இருந்தது. நாடே மெர்டேக்காவுக்காக விழித்திருந்த அதே நாளில், சென்னை அரசு பொது மருத்துவமனையில் என்.எஸ். கிருஷ்ணன் கண்ணை மூடினார். 49 வயது நிறைய இன்னும் மூன்று மாதம் இருந்தது.

தோட்டத்துத் திடலில் இரண்டு கம்பங்களுக்கு நடுவே வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பெயரை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. கூலாயிலும் குளுவாங்கிலும் லாபீசிலும் இன்று எழுபது, எண்பது வயதைத் தொட்டவர்கள் என்.எஸ்.கே. என்று சொன்னால் மூச்சு விடாமல் மதுரம் என்றும் சேர்த்தே சொல்வார்கள். அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்கு அது கைத்தொலைபேசியில் எப்போதாவது வந்து விழும் ஒரு கறுப்பு வெள்ளைத் துண்டுக் காட்சி. அந்தக் காட்சிக்குப் பின்னால் இருக்கும் வாழ்க்கை அவ்வளவு சிரிப்பாக இருக்கவில்லை.

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29-ஆம் தேதி பிறந்தவர் கிருஷ்ணன். தந்தை சுடலைமுத்துப் பிள்ளை, தாய் இசக்கியம்மாள். அப்போது அந்த ஊர் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. வீட்டில் வறுமை, படிப்பு தொடக்கப் பள்ளியோடு நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்கப் போன சிறுவன், விற்றதைவிட மேடையைப் பார்த்ததே அதிகம். அந்த வட்டாரத்தின் சொந்தக் கலையான வில்லுப்பாட்டும் அவனைப் பிடித்துக்கொண்டது.

வில்லுப்பாட்டு பார்த்திராத இளையவர்களுக்கு ஒரு சொல். மணி கட்டிய நீண்ட வில், ஒரு மண்குடம், உடுக்கை; நடுவில் ஒருவர் கதை சொல்வார், பக்கத்தில் இருப்பவர் ஆமாம் போடுவார், குறுக்குக் கேள்வி கேட்பார், கதையைக் கொஞ்சம் கலாட்டா செய்வார். பின்னாளில் திரையில் என்.எஸ்.கே. ஏதோ ஒன்றை நீட்டி முழக்க, மதுரம் நடுவில் வெட்டிக் கேட்பதைக் கவனித்தால் அது வில்லடி மேடையின் அமைப்பே என்பது தெரியும். அவருடைய நகைச்சுவையின் வேரை வெளிநாட்டுப் படங்களில் தேடுகிறவர்கள் ஒழுகினசேரிக் கோயில் கொடையை மறந்துவிடுகிறார்கள்.

வாலிபப் பருவத்தில் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். அந்தக் காலத்து நாடகக் கம்பெனி என்பது பள்ளிக்கூடமும் விடுதியும் பட்டறையும் சேர்ந்த ஒன்று. பாட்டு, வசனம், ஓவியம், ஒப்பனை என எல்லாவற்றையும் அங்கேயே கற்றுக்கொள்ள வேண்டும். அந்தச் சகோதரர்கள் நடித்த மேனகா 1935-இல் படமானபோது கிருஷ்ணனும் திரைக்கு வந்தார்.

அடுத்த ஆண்டு வெளிவந்த சதி லீலாவதி நம் வாசகர்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டிய படம். எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை அது. குடியால் கெட்ட நாயகன், தான் கொலை செய்துவிட்டதாகப் பயந்து கப்பலேறி இலங்கைக்கு ஓடி, தேயிலைத் தோட்டத்தில் கூலியாக வேலை செய்கிறான். தோட்டத் தொழிலாளியின் வாழ்க்கை தமிழ்த் திரையில் தலைகாட்டிய தொடக்ககாலப் படங்களில் ஒன்று. இயக்கியவரோ தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் ஆர். டங்கன். எம்.கே. ராதா நாயகன். டி.எஸ். பாலையாவும் அதில் நடித்தார். சிறு வேடத்தில் ஓர் இளைஞர் முதன்முதலாகப் படத்துக்கு வந்தார், அவர் எம்.ஜி.ஆர். தம்மை வழிநடத்தியவர்களில் ஒருவராக என்.எஸ்.கே.யை எம்.ஜி.ஆர். கடைசிவரை மதித்தார்.

அதே காலத்தில் வசந்தசேனா படப்பிடிப்புக்காகப் புனே போன இடத்தில்தான் டி.ஏ. மதுரத்தின் அறிமுகம். படக்குழுவுக்குப் பணம் வந்து சேராமல் சாப்பாட்டுக்கே சிரமப்பட்டபோது மதுரம் தம் கையில் இருந்ததைக் கொடுத்து உதவினார் என்பது திரையுலகம் நெடுங்காலமாகச் சொல்லிவரும் செய்தி. அங்கேயே இருவரும் மணம் செய்துகொண்டார்கள். கிருஷ்ணனுக்கு ஊரில் நாகம்மாள் என்ற மனைவி ஏற்கெனவே இருந்தார். திரையில் அந்தச் சோடி எவ்வளவு அழகாக இருந்தாலும், இதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

1930-களின் கடைசியிலிருந்து தமிழ்ப் படங்களில் ஒரு புது வழக்கம் வந்தது. படத்தின் கதை புராணமோ சரித்திரமோ எதுவானாலும், நகைச்சுவைப் பகுதியை என்.எஸ்.கே. தாமே யோசித்து, புளிமூட்டை ராமசாமி, டி.எஸ். துரைராஜ் போன்ற தம் ஆட்களை வைத்து, பாட்டோடு தனியாக அமைத்துக் கொடுப்பார். அதைப் படத்தில் ஆங்காங்கே இணைத்துவிடுவார்கள். இதனால் ஒரு நன்மை, ஒரு குறை. முதன்மைக் கதையோடு ஒட்டாமல் அந்தப் பகுதி துண்டாக நிற்பது குறை. ஆனால் ராஜா ராணிக் கதைக்கு நடுவே சாதி, மூடநம்பிக்கை, வரதட்சணை, குடி என்று நாட்டு நடப்பைப் பேச அவருக்கென்று ஓர் இடம் கிடைத்தது. தணிக்கையும் தயாரிப்பாளரும் அவ்வளவாகக் கண்டுகொள்ளாத இடம் அது. சிரிப்புக்கு யாரும் வரி போடவில்லை.

1944 தீபாவளிக்கு ஹரிதாஸ் வெளியானது. எம்.கே. தியாகராஜ பாகவதரின் புகழ் உச்சியில் இருந்தது; அதில் என்.எஸ்.கே.யும் மதுரமும் உண்டு. சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்ட படம். முதல் தீபாவளி முடிந்து சில வாரங்களிலேயே எல்லாம் தலைகீழானது.

நடிகர்களின் அந்தரங்கத்தை எழுதிப் பிழைத்த லட்சுமிகாந்தன் என்ற பத்திரிகையாளர் 1944 நவம்பர் 8-ஆம் தேதி சென்னை வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். டிசம்பரில் பாகவதரும் என்.எஸ்.கே.யும் இயக்குநர் ஸ்ரீராமுலு நாயுடுவும் கைதானார்கள். நாயுடு விடுவிக்கப்பட்டார். மற்ற இருவருக்கும் 1945 மே மாதம் ஆயுள் தண்டனை. உயர்நீதிமன்ற மேல்முறையீடும் தோற்றது. ஊரெல்லாம் சிரிக்க வைத்தவர் கொலைக் கைதியாகச் சிறைக்குள் போனார்.

இந்த இடத்தில் கதையின் பாரம் மதுரத்தின் தோளுக்கு மாறுகிறது. வருமானம் நின்றுவிட்டது, வழக்கோ லண்டன் பிரிவி கவுன்சில் வரை போக வேண்டும். நம்பியிருந்த நாடகக் கலைஞர்களுக்கும் சோறு போட வேண்டும். என்.எஸ்.கே. பெயரிலேயே நாடக சபையை எஸ்.வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு மதுரம் நடத்தினார். அந்த நாடகங்களில் ஒன்றான பைத்தியக்காரன் படமாகவும் எடுக்கப்பட்டது, மதுரமும் எம்.ஜி.ஆரும் நடித்தார்கள். படம் முடிவதற்குள் கணவர் வெளியே வந்துவிட, அவருக்கென்று காட்சிகள் சேர்க்கப்பட்டு 1947-இல் வெளியானது.

பிரிவி கவுன்சில், வழக்கை மீண்டும் விசாரிக்கும்படி சென்னை உயர்நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது. வழக்கறிஞர் வி.எல். எத்திராஜ் வாதாடினார். 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலையானார்கள். சிறையில் கழிந்தது ஏறக்குறைய 30 மாதங்கள்.

பாகவதரால் பழைய இடத்துக்குத் திரும்ப முடியவில்லை. என்.எஸ்.கே. திரும்பினார். குரலையும் அழகையும் நம்பியிருந்தவருக்குக் காலம் மாறியிருந்தது. மக்களின் அன்றாடத்தை நம்பியிருந்தவருக்குச் சொல்ல இன்னும் நிறைய மிச்சம் இருந்தது. விடுதலையான அதே ஆண்டில் நாடகத் தந்தை பம்மல் சம்பந்த முதலியார் அவருக்குக் கலைவாணர் பட்டம் வழங்கினார். மறு ஆண்டு சந்திரலேகா. அதற்கடுத்து 1949-இல் நல்லதம்பி.

நல்லதம்பிக்கு வசனம் எழுதியவர் அறிஞர் அண்ணா. திரைக்கு அவர் எழுதிய முதல் படம். அமெரிக்க இயக்குநர் பிராங்க் காப்ராவின் 1936-ஆம் ஆண்டுப் படம் ஒன்றைத் தழுவிய கதை. எதிர்பாராமல் பெரும் சொத்துக்கு வாரிசாகும் ஓர் எளிய மனிதன், அதைத் தனக்கென்று வைத்துக்கொள்ளாமல் மக்களுக்கு என்ன செய்யலாம் என்று அலைகிறான். சென்னை மாகாணம் முழுவதும் மதுவிலக்கு வந்த புதிது. படத்தில் குடிக்கு எதிரான பிரசாரம் தூக்கலாகவே இருக்கும்.

மலாயாத் தோட்டங்களில் இது வேறு மாதிரி ஒலித்தது. இங்கே கள்ளுக்கடை தோட்டத்துக்கு உள்ளேயே இருந்தது. பால்மரம் வெட்டிச் சம்பாதித்த வெள்ளி, சம்பள நாள் சாயங்காலமே அந்தக் கடைக்குள் போய்விடும். லயன் வீட்டில் அடுப்பு எரியாது. 1946, 47-இல் கெடா தோட்டங்களில் தொண்டர் படை கள்ளுக்கடைகளை எதிர்த்துக் கிளம்பியதும், அது அடித்து ஒடுக்கப்பட்டதும் இந்நாட்டுத் தமிழர் வரலாறு. அந்தப் போராட்டத்தின் சூடு ஆறாத நேரத்தில் வந்த படம் நல்லதம்பி. திரையில் குடிகாரனைப் பார்த்துக் கைதட்டிச் சிரித்த கூட்டத்தில் குடிகாரனின் மனைவியும் பிள்ளைகளும் உட்கார்ந்திருந்தார்கள். யாரையும் கூனிக் குறுக வைக்காமல் அந்தக் கூட்டத்திடம் குடியைப் பற்றிப் பேசுவது லேசான வேலை அல்ல. ஆளின் நிறத்தையும் உடம்பையும் கேலி செய்தே பிழைக்கும் இன்றைய நகைச்சுவைக்கு அந்தப் பொறுமை கிடையாது.

அதே படத்தில்தான் கிந்தனார் காலட்சேபம் வருகிறது. உடுமலை நாராயணகவியின் துணையோடு உருவானது. நந்தனார் கதையின் சாயலில், காலட்சேபப் பாணியிலேயே சொல்லப்படும் கதை. நந்தனார் சிதம்பரம் போக ஏங்கினார். ஒடுக்கப்பட்ட குலத்துச் சிறுவன் கிந்தன் பள்ளிக்கூடம் போக ஏங்குகிறான். ஊர் தடுக்கிறது. பட்டணம் போய்ப் படித்து, உயர்ந்த நிலையில் திரும்பி வருகிறான். அவன் பெற வேண்டிய தரிசனம் எழுத்தறிவுதான் என்பதை உபதேசம் செய்யாமல் பாட்டும் நையாண்டியுமாகச் சொல்லிவிடுகிறார். தோட்டத்து ஒற்றை அறைத் தமிழ்ப்பள்ளியில் படித்து, பின்னர் ஆசிரியராகவோ கிராணியாகவோ அதே தோட்டத்துக்குத் திரும்பிய தலைமுறைக்குக் கிந்தன் அந்நியன் அல்லன்.

1955-இல் வந்த முதல் தேதி படத்தில் சம்பளக்காரனின் மாதத்தைப் பற்றி அவர் பாடிய பாட்டு இன்றும் மாதக் கடைசியில் நினைவுக்கு வரும். மாதத்தின் முதல் இருபது நாள் ஒரு குடும்பம், கடைசிப் பத்து நாள் அதே வீட்டில் வேறொரு குடும்பம். அதற்கு விளக்கம் வேண்டியவர்கள் சம்பளத்துக்கு வேலை செய்யாதவர்கள்.

இயக்குநராகவும் அவர் தடம் பதித்தார். 1951-இல் மணமகள்; பத்மினியைத் தமிழில் கதாநாயகியாக்கிய படம். 1952-இல் பணம், சிவாஜி கணேசன் பராசக்திக்கு அடுத்து நடித்தது. விசுவநாதன், ராமமூர்த்தி இருவரையும் இரட்டை இசையமைப்பாளர்களாகத் திரைக்குக் கொண்டுவந்ததும் அந்தப் படம்தான். 1951-இல் திரைப்படக் குழுவோடு சோவியத் நாட்டுக்கும் போய் வந்தார். இத்தனைக்கும் நடுவே வில்லுப்பாட்டை விடவில்லை. நெல்லைச் சீமையிலிருந்து சுப்பு ஆறுமுகம் என்ற இளைஞரைச் சென்னைக்கு அழைத்து வந்து, காந்தி கதையை எழுத வைத்து மேடையேற்றினார். அந்த இளைஞர் பிற்காலத்தில் வில்லிசை வேந்தராகவே அறியப்பட்டார்.

வந்ததை எல்லாம் கொடுத்தார் என்பது அவரைப் பற்றி எல்லோரும் சொல்வது. உண்மைதான். உதவி கேட்டு வந்தவர் வெறுங்கையோடு போனதில்லை என்று திரையுலகில் நூறு கதைகள் உண்டு. அவற்றைக் கேட்டு வியக்கும்போது, மாதக் கடைசியில் அந்த வீட்டின் கணக்கைப் பார்த்தவர் யார் என்றும் யோசிக்க வேண்டும். கடைசி ஆண்டுகளில் பணமுடை கழுத்தை நெரித்தது. வாங்கிக்கொண்டு போனவர்கள் எல்லோரும் திரும்பி வரவில்லை.

1957 பொதுத் தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணா நின்றார். எதிர்த்து நின்றவர் ஊரில் நல்ல பெயர் எடுத்த ஒரு டாக்டர். பிரசாரத்துக்குப் போன கலைவாணர், அண்ணாவைப் பற்றிப் பேசாமல் அந்த டாக்டரின் கைராசியையும் குணத்தையும் புகழ்ந்துகொண்டே போனாராம். கூட்டம் திகைத்து நின்றது. இப்படிப்பட்ட நல்ல மருத்துவரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டு நோய் வந்தால் என்ன செய்வீர்கள், அவரை ஊரிலேயே வைத்துக்கொண்டு அண்ணாவை அனுப்பிவையுங்கள் என்பதாக முடித்தார் என்று சொல்வார்கள். எதிரியைத் திட்டாமலே ஓட்டுக் கேட்ட அந்தப் பேச்சு இன்றும் மேடைகளில் எடுத்துச் சொல்லப்படுகிறது. அண்ணா வென்றார். சில மாதங்களில் கலைவாணர் படுக்கையில் விழுந்தார்.

அவர் இறந்து 11 ஆண்டுகளுக்குப் பிறகு, 1969 ஜனவரி 14, பொங்கல் நாளில் சென்னை தியாகராய நகரில் அவருடைய சிலையைத் திறந்து வைத்தவர் முதலமைச்சர் அண்ணா. புற்றுநோயின் கடைசிக் கட்டத்தில், உடன் இருந்தவர்கள் வேண்டாம் என்றும் கேளாமல் வந்தார். அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது. மூன்று வாரத்தில் அவரும் மறைந்தார். மதுரம் மேலும் ஐந்து ஆண்டுகள் இருந்து, 1974-இல் காலமானார்.