48 ஆண்டு காத்திருந்த உயில்
வள்ளல் பச்சையப்ப முதலியாரின் கதை

காஞ்சிபுரத்தில் பச்சையப்பன் பெயரைச் சொன்னால் சிறு பிள்ளைக்கும் தெரியும். ஊரில் அவர் பெயரால் பள்ளிக்கூடம் இருக்கிறது, கல்லூரிகளும் இருக்கின்றன. ஆனால் அந்த வள்ளல் தம் வாழ்நாளில் ஒரு பள்ளிக்கூடத்தையும் பார்த்துத் திறந்து வைக்கவில்லை!

பச்சையப்ப முதலியார் 1754-ம் ஆண்டு பிறந்தார். அவர் பிறக்கும் முன்பே தந்தை இறந்துவிட்டார். வறுமையில் வாடிய தாய்க்கும் பிள்ளைக்கும் நாராயண பிள்ளை என்ற பெரியவர் ஆதரவு தந்தார்.

பச்சையப்பர் இளம் வயதிலேயே துபாஷ் ஆனார். வெள்ளைக்காரர்களுக்கும் நம்மவர்களுக்கும் நடுவே நின்று பேசி, வியாபாரத்தை முடித்துக் கொடுப்பவர்தான் துபாஷ். தஞ்சாவூர்ச் சீமையிலும் அவருக்குப் பெரிய கொடுக்கல் வாங்கல் இருந்தது. செல்வம் குவிந்தது. கோயில்களுக்கும் ஏழைகளுக்கும் அள்ளிக் கொடுத்தார். காஞ்சி ஏகாம்பரநாதரிடம் அவருக்குத் தனிப் பக்தி.

1794 மார்ச் மாதம் அவர் நோயில் படுத்தார். தம் சொத்து தருமத்துக்குச் சேர வேண்டும் என்று உயில் எழுதினார். சில நாட்களில், மார்ச் 31-ந் தேதி, திருவையாற்றில் கண் மூடினார். அப்போது அவருக்கு வயது 40தான்.

அதன் பிறகுதான் வந்தது வழக்கு!

சொத்துக்கு உரிமை கொண்டாடிப் பலர் கிளம்பினார்கள். ஆண்டுகள் உருண்டோடின. உயில் எழுதியவரின் ஆசை கோர்ட்டுக் கட்டுகளுக்குள் தூங்கியது. சென்னை சுப்ரீம் கோர்ட்டில் அரசாங்கத்தின் அட்வகேட் ஜெனரலே தருமத்துக்காக நின்றார். ஜார்ஜ் நார்ட்டன் அந்தப் பதவியில் இருந்தபோது காரியம் முற்றுப் பெற்றது. தருமத்தைக் கவனிக்க தர்மகர்த்தர் சபை அமைந்தது.

இதற்குள் வட்டி சேர்ந்து பணம் பெருகியிருந்தது. கோயில் கட்டளைகளுக்கு ஒதுக்கியது போக மிஞ்சியதைக் கல்விக்குச் செலவிட முடிவாயிற்று. 1842 ஜனவரி 1-ந் தேதி சென்னையில் பச்சையப்பன் பள்ளி திறந்தது. உயில் எழுதி 48 ஆண்டுகள் ஆகியிருந்தன!

வழக்குக்கு முடிவு என்று ஒன்று வேண்டும் என்பதற்கு இதைவிடச் சான்று எது? தீர்ப்பில் குறை இருந்தால் மேல் கோர்ட்டுக்குப் போகலாம். கடைசித் தீர்ப்பு வந்த பிறகு, அதே ஆட்கள் அதே விஷயத்துக்காகப் புது வழக்குப் போட முடியாது. 1908-ம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டம், 11-வது பிரிவில் இதைத் தெளிவாகச் சொல்கிறது. தறியிலிருந்து அறுத்து இறக்கிய பட்டுச் சேலையை மறுபடி பாவில் ஏற்றி நெய்ய முடியுமா? அது போலத்தான்.

வழக்கு ஓய்ந்ததால் தருமம் தழைத்தது. கணித மேதை ராமானுஜன் பச்சையப்பன் கல்லூரியில் படித்தார். காஞ்சிபுரத்தில் நெசவாளர் குடும்பத்தில் 1909-ல் பிறந்த ஒரு சிறுவன், ஊரிலிருந்த பச்சையப்பன் பள்ளியில் படித்து, சென்னைக் கல்லூரியிலும் பட்டம் பெற்றான். 1967-ல் தமிழ்நாட்டின் முதலமைச்சரானான். அவர்தான் அறிஞர் அண்ணா!