சிக்கன் கடை முதல் சுப்ரீம் கோர்ட்டு வரை: டி.வி. அழகி அன்னா நிக்கோல் ஸ்மித்தின் கண்ணீர் கதை

அமெரிக்காவில் புளோரிடா மாநிலத்தில் ஹாலிவுட் என்று ஒரு ஊர் இருக்கிறது. சினிமா எடுக்கும் ஹாலிவுட் வேறு, இது கடலோர ஊர். 2007-ம் ஆண்டு பிப்ரவரி மாதம் 8-ந்தேதி பிற்பகல், அங்குள்ள சொகுசு ஓட்டலில் 607-ம் எண் அறையில் ஒரு பெண் பேச்சு மூச்சு இல்லாமல் கிடந்தார். ஆம்புலன்ஸ் வந்தது, ஆஸ்பத்திரிக்கு கொண்டு போனார்கள். உயிர் பிழைக்கவில்லை. அவருக்கு வயது 39.

அடுத்த சில நிமிடங்களில் அமெரிக்காவின் எல்லா டி.வி.யிலும் அந்த செய்திதான். இறந்தவர் அன்னா நிக்கோல் ஸ்மித். விளம்பர அழகியாக இருந்து டி.வி. நட்சத்திரம் ஆனவர். 89 வயது கோடீசுவரரை கல்யாணம் செய்து உலகம் முழுக்க பேச வைத்தவர். அந்த சொத்துக்காக சுப்ரீம் கோர்ட்டு வரை போய் மோதியவர்.

பணத்துக்காக கிழவரை கட்டிக்கொண்டவள் என்று ஒரே வரியில் ஊர் அவரை முடித்து விட்டது. ஆனால் அந்த ஒரு வரிக்குள் அடங்குகிற வாழ்க்கை இல்லை அது.

அப்பா இல்லாத வீடு

அவருடைய சொந்த பெயர் விக்கி லின் ஹோகன். 1967-ம் ஆண்டு நவம்பர் 28-ந்தேதி டெக்சாஸ் மாநிலம் ஹூஸ்டன் நகரில் பிறந்தார். கைக்குழந்தையாக இருக்கும்போதே அப்பா விட்டு விட்டு போய்விட்டார். அம்மா போலீஸ் வேலை பார்த்தவர். அம்மாவும் சித்தியும்தான் வளர்த்தார்கள். பிறகு மெக்சியா என்ற சின்ன ஊரில் சித்தி வீட்டில் போய் தங்கினார். படிப்பு ஏறவில்லை. பள்ளிக்கூடத்தை பாதியிலேயே விட்டு விட்டு, அந்த ஊரில் இருந்த பொரித்த கோழி விற்கும் கடையில் வேலைக்கு சேர்ந்தார்.

அதே கடையில் சமையல் வேலை பார்த்த பையன் மீது காதல் வந்தது. 1985-ம் ஆண்டு ஏப்ரலில் கல்யாணம். மணப்பெண்ணுக்கு வயது 17, மாப்பிள்ளைக்கு 16. ஸ்மித் என்ற குடும்ப பெயர் அந்த கணவரிடம் இருந்து வந்ததுதான். 1986-ம் ஆண்டு ஜனவரி 22-ந்தேதி மகன் டேனியல் பிறந்தான். அடுத்த ஆண்டே கணவன், மனைவி பிரிந்து விட்டார்கள்.

கையில் குழந்தை. படிப்பு இல்லை. பெரிய கடையில் வேலை, ஓட்டலில் பரிமாறும் வேலை என்று மாறி மாறி பார்த்தார். வாங்குகிற சம்பளம் வாய்க்கும் வயிற்றுக்கும் போதவில்லை. கடைசியில் ஹூஸ்டனில் ஆடை குறைப்பு நடன விடுதியில் ஆடப் போனார். சின்ன வயதில் இருந்தே அவருக்கு ஒரு ஆசை உண்டு. பழைய சினிமா நட்சத்திரம் மர்லின் மன்றோ மாதிரி ஆக வேண்டும் என்பதுதான் அது.

தாத்தாவின் கண்ணில் பட்டார்

1991-ம் ஆண்டு அக்டோபரில் அந்த நடன விடுதிக்கு சக்கர நாற்காலியில் ஒரு முதியவர் வந்தார். அவர்தான் ஹோவர்டு மார்ஷல். வயது 86. அமெரிக்காவின் புகழ் பெற்ற யேல் சட்டக்கல்லூரியில் படித்து, அங்கேயே பொறுப்பிலும் இருந்தவர். பிறகு எண்ணெய் தொழிலில் இறங்கி கோடி கோடியாக சம்பாதித்தவர். அவருடைய சொத்து 160 கோடி டாலர் என்று பத்திரிகைகள் எழுதின.

23 வயது நடனப்பெண் மீது அவருக்கு மனசு விழுந்து விட்டது. பரிசுகளாக கொட்டினார். கல்யாணம் செய்துகொள் என்று கேட்டார். ஆனால் அவர் உடனே தலையாட்டவில்லை. முதலில் சொந்தக்காலில் நின்று பேர் வாங்க வேண்டும் என்று நினைத்தார்.

நினைத்தபடி பேர் வந்தது. 1992-ம் ஆண்டு மார்ச் மாத பிளேபாய் பத்திரிகையின் அட்டையில் அவர் படம் வந்தது. 1993-ல் அந்த பத்திரிகையின் ஆண்டு அழகியாக தேர்வு ஆனார். கெஸ் என்ற ஜீன்ஸ் கம்பெனி அதுவரை ஜெர்மனி அழகி கிளாடியா ஷிபரை வைத்து விளம்பரம் செய்து வந்தது. அந்த இடத்தில் இவரை நிறுத்தியது. அன்னா நிக்கோல் என்ற பெயர் வந்ததும் அந்த சமயத்தில்தான். எச் அண்ட் எம் துணி கம்பெனி விளம்பரத்தில் ஐரோப்பா முழுக்க சாலையோரம் அவர் படம் நின்றது.

அப்போது விளம்பரத்தில் எல்லாம் குச்சி மாதிரி ஒல்லியான பெண்களுக்குத்தான் மவுசு. அந்த காலத்தில் உயரமும் உடம்புமாக வந்து நின்ற டெக்சாஸ் கிராமத்து பொண்ணு இவர். மக்களுக்கு பிடித்து விட்டது. 1994-ல் சினிமா வாய்ப்பும் வந்தது. நேக்கட் கன் என்ற நகைச்சுவை படத்தின் 3-வது பாகத்தில் நடித்தார்.

63 வயது வித்தியாசம்

1994-ம் ஆண்டு ஜூன் 27-ந்தேதி ஹூஸ்டனில் ஒரு கல்யாண மண்டப தேவாலயத்தில் மார்ஷலுக்கும் அன்னாவுக்கும் திருமணம் நடந்தது. மாப்பிள்ளைக்கு 89. மணப்பெண்ணுக்கு 26. வெள்ளை கவுன் அணிந்த மணப்பெண்ணும், சக்கர நாற்காலியில் மாப்பிள்ளையும் இருக்கிற அந்த படத்தை உலகம் முழுவதும் பத்திரிகைகள் போட்டன. சிரித்தவர்கள்தான் அதிகம். மார்ஷலின் மகன் பியர்ஸ், புது சித்தியை விட 28 வயது பெரியவர்.

14 மாதம்கூட ஆகவில்லை. 1995-ம் ஆண்டு ஆகஸ்டு 4-ந்தேதி மார்ஷல் காலமானார். சண்டை அன்றே தொடங்கி விட்டது. மனைவி ஒரு பக்கம், மகன் ஒரு பக்கம் என்று 2 இடத்தில் இறுதிச்சடங்கு நடந்தது. எரித்த சாம்பலைக்கூட 2 பங்காக பிரித்துத்தான் கொடுத்தார்கள்.

உயிலில் அன்னா பெயர் இல்லை. உயிரோடு இருந்தபோது 60 லட்சம் டாலருக்கு மேல் பரிசாக கொடுத்த மனிதர், உயிலில் ஒரு பைசா எழுதி வைக்கவில்லை. சொத்தில் பங்கு தருவதாக தன்னிடம் வாக்கு கொடுத்தார், மகன்தான் தடுத்து விட்டார் என்பது அன்னாவின் புகார். உயிலில் இருப்பதே அப்பாவின் விருப்பம் என்பது மகனின் வாதம்.

ஒரு வழக்கு, பல தீர்ப்பு

இந்த வழக்கு போன போக்கு விசித்திரமானது. டெக்சாஸ் கோர்ட்டில் உயில் வழக்கு நடந்துகொண்டு இருக்கும்போதே, வேறு ஒரு விஷயத்தில் அன்னாவுக்கு அடி விழுந்தது. வீட்டில் வேலை பார்த்த பெண் தொடர்ந்த வழக்கில் சுமார் 8½ லட்சம் டாலர் நஷ்டஈடு கொடுக்க உத்தரவானது. கையில் காசு இல்லை. 1996-ல் கலிபோர்னியாவில் மஞ்சள் கடிதாசு கொடுத்தார்.

தன்னை பற்றி அவதூறு பேசியதாக சொல்லி, அந்த திவால் கோர்ட்டுக்கே பியர்ஸ் வந்தார். அன்னா அங்கேயே எதிர் மனு போட்டார். இப்படித்தான் ஒரே சண்டை 2 மாநிலத்தில், 2 கோர்ட்டில் நடந்தது.

2000-ம் ஆண்டு திவால் கோர்ட்டு அன்னாவுக்கு சுமார் 45 கோடி டாலர் கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பு கூறியது. 2001-ல் டெக்சாஸ் கோர்ட்டு ஜூரிகள் பியர்ஸ் பக்கம் தீர்ப்பு சொன்னார்கள். 2002-ல் மத்திய கோர்ட்டு நீதிபதி 45 கோடியை 8 கோடியே 85 லட்சம் டாலராக குறைத்தார். 2004-ல் அப்பீல் கோர்ட்டு அதையும் ரத்து செய்தது.

அன்னா விடவில்லை. சுப்ரீம் கோர்ட்டுக்கு போனார். 2006-ம் ஆண்டு பிப்ரவரியில் விசாரணை நடந்தபோது கறுப்பு உடையில் கோர்ட்டில் வந்து உட்கார்ந்தார். அப்போதைய புஷ் அரசாங்கமே இந்த சட்ட பிரச்சினையில் அவருக்கு ஆதரவாக மனு போட்டது. மே 1-ந்தேதி எல்லா நீதிபதிகளும் ஒருமனதாக அவர் பக்கம் தீர்ப்பு கூறினார்கள். ஆனால் அது பணம் கொடு என்ற தீர்ப்பு அல்ல. வழக்கை மத்திய கோர்ட்டு விசாரிக்கலாம் என்ற தீர்ப்பு. மறுபடி முதலில் இருந்து ஓட வேண்டும். அந்த ஜூன் மாதமே பியர்ஸ் இறந்து போனார்.

சிரிக்க வைத்த டி.வி.

நடுவில் டி.வி.க்கு வந்தார் அன்னா. 2002-ம் ஆண்டு ஆகஸ்டு 4-ந்தேதி அவர் பெயரிலேயே ஒரு தொடர் ஆரம்பமானது. கணவர் இறந்த அதே தேதி. கதை கிடையாது, வசனம் கிடையாது. அவர் தூங்கி எழுவது, சாப்பிடுவது, வீடு தேடுவது, நாய்க்குட்டியை கொஞ்சுவது, வக்கீல் ஹோவர்டு ஸ்டெர்னுடன் சண்டை போடுவது எல்லாவற்றையும் கேமரா பின்னாடியே போய் எடுத்தது. முதல் நாள் மட்டும் 40 லட்சம் பேருக்கு மேல் பார்த்தார்கள். கேபிள் டி.வி.யில் இப்படிப்பட்ட தொடரின் தொடக்கத்துக்கு அதுவரை இல்லாத கூட்டம் அது.

வாய் குழறும். நடை தள்ளாடும். உடம்பு பெருத்து விட்டது. ஜனங்கள் அதை பார்த்துத்தான் சிரித்தார்கள். மார்பக அறுவை சிகிச்சைகளுக்கு பிறகு வந்த வலிக்கு மாத்திரை, தூக்கத்துக்கு மருந்து, மனசுக்கு மருந்து என்று பல ஆண்டாக அவர் மருந்திலேயே இருந்தார். அது போதை விளையாட்டு அல்ல, நோய் என்பது பார்த்தவர்களுக்கு உறைக்கவில்லை. மகன் டேனியலும் சில காட்சிகளில் வந்தான். கேமராவை கண்டாலே ஒதுங்கிப்போகிற கூச்ச சுபாவம் அவனுக்கு.

2004-ல் தொடர் நின்றது. அதற்குள் அவர் ஒரு எடை குறைப்பு மாத்திரை கம்பெனியின் விளம்பர முகமாகி, 30 கிலோ அளவுக்கு இளைத்து மறுபடி அழகியாக வந்து நின்றார். ஆனால் 2004 நவம்பரில் ஒரு இசை விருது விழா மேடையில் பேச வந்தவர் வாய் குழறியதை நாடே பார்த்தது.

3 நாளில் இடிந்த வீடு

2006-ம் ஆண்டு செப்டம்பர் 7-ந்தேதி பகாமாஸ் தீவின் நாசாவ் நகரில் அன்னாவுக்கு பெண் குழந்தை பிறந்தது. தங்கச்சியை பார்க்க 20 வயது டேனியல் விமானம் ஏறி வந்தான். அம்மா இருந்த ஆஸ்பத்திரி அறையிலேயே இரவு தங்கினான். 10-ந்தேதி காலை அவன் எழுந்திருக்கவில்லை. வலி மருந்தும் மன அழுத்த மருந்தும் உடம்பில் கலந்ததால் உயிர் போனது பரிசோதனையில் தெரிந்தது.

பெற்று 3 நாள் ஆன தாய்க்கு முன்னால் தலைப்பிள்ளை பிணமாக கிடந்தான். 17 வயதில் கல்யாணம் ஆனதில் இருந்து அவருக்கு கடைசி வரை கூட இருந்தது அந்த பையன் ஒருவன்தான். எல்லாம் அவனுக்கே என்று உயில்கூட எழுதி வைத்து இருந்தார். அதன்பிறகு அன்னா பழைய நிலைக்கு வரவே இல்லை. 5 மாதம்கூட முழுசா ஆகவில்லை, புளோரிடா ஓட்டல் அறையில் அவரும் போய்விட்டார்.

கடும் காய்ச்சலோடு படுத்து இருந்தவர், குளோரல் ஹைட்ரேட் என்ற தூக்க மருந்தையும் வேறு மாத்திரைகளையும் சேர்த்து எடுத்து இருந்தார். கொலையும் இல்லை, தற்கொலையும் இல்லை, விபத்து என்று பிரேத பரிசோதனை டாக்டர் அறிவித்தார். அவர் ஆசைப்பட்ட மர்லின் மன்றோ 1962-ல் 36 வயதில் இறந்தபோது, அவர் உடம்பிலும் இதே குளோரல் ஹைட்ரேட் இருந்தது.

பிணத்துக்கும் வழக்கு

செத்த பிறகும் கோர்ட்டு விடவில்லை. உடலை டெக்சாசுக்கு கொண்டு போக வேண்டும் என்றார் தாய். மகன் பக்கத்தில்தான் புதைக்க வேண்டும் என்றார் வக்கீல் ஸ்டெர்ன். அந்த விசாரணையை டி.வி.கள் நேரடியாக ஒளிபரப்பின. தீர்ப்பு சொல்லும்போது நீதிபதியே அழுது விட்டார். முடிவு செய்யும் பொறுப்பு, 5 மாத குழந்தைக்காக நியமிக்கப்பட்ட வக்கீலிடம் கொடுக்கப்பட்டது. 22 நாள் கழித்து, மார்ச் 2-ந்தேதி, நாசாவில் டேனியல் பக்கத்திலேயே அன்னாவை புதைத்தார்கள்.

குழந்தைக்கு நான்தான் அப்பா என்று ஒருவர் அல்ல, பல பேர் கிளம்பினார்கள். மரபணு சோதனை நடந்தது. புகைப்படக்காரர் லாரி பிர்க்ஹெட்தான் தந்தை என்று 2007 ஏப்ரல் 10-ந்தேதி தெரிந்தது. அவர் மகளை கென்டக்கி மாநிலத்துக்கு கொண்டு போய் வளர்த்தார். தாய்க்கு பேர் வாங்கி கொடுத்த அதே ஜீன்ஸ் கம்பெனியின் குழந்தை உடை விளம்பரத்தில் 6 வயதில் அந்த சிறுமியும் வந்தாள்.

சொத்து என்னாச்சு?

2011-ம் ஆண்டு ஜூன் 23-ந்தேதி வழக்கு 2-வது தடவையாக சுப்ரீம் கோர்ட்டில் முடிவுக்கு வந்தது. இப்படிப்பட்ட புகாரில் கடைசி தீர்ப்பு சொல்ல திவால் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்று 5 நீதிபதிகள் ஒரு பக்கம், 4 நீதிபதிகள் மறுபக்கம் என தீர்ப்பு வந்தது. அன்னா தரப்பு தோற்றது. 2014-ல் போட்ட கடைசி மனுவும் தள்ளுபடி ஆனது. தாத்தாவும் இல்லை, மகனும் இல்லை, அன்னாவும் இல்லை. ஊரே வாய் பிளந்து பேசிய அந்த 160 கோடி டாலரில், வழக்கு போட்டு அவருக்கு கிடைத்தது ஒரு காசும் கிடையாது.

அமெரிக்காவில் திவால் சட்டம் படிக்கிற மாணவர்கள் இன்றைக்கும் அந்த தீர்ப்பை படித்துத்தான் ஆக வேண்டும். லண்டனின் பெரிய அரங்கில் 2011-ல் அவர் வாழ்க்கையை இசை நாடகமாகவே போட்டார்கள். பள்ளிக்கூடத்தை பாதியில் விட்ட சிக்கன் கடை பெண்ணின் கதை அது.

பகாமாஸ் தீவில் அந்த கல்லறை இருக்கிறது. அம்மாவும் பிள்ளையும் பக்கத்தில் பக்கத்தில் படுத்து இருக்கிறார்கள்.